சோமாஸ்: நம் கிறிஸ்து பிறப்புப் பலகாரத்தின் வரலாறு

யூபிலி மலர் ஒன்றைக் கையில் எடுத்தால் அதில் என்னென்ன இருக்கும் என்பது நம் பங்கு மக்களுக்கு மனப்பாடம். ஆயர் பெருமகனாரின் ஆசியுரை, பங்குத் தந்தையரின் பெயர் வரிசை, அடிக்கல் நாட்டிய ஆண்டு, கோபுரத்தின் உயரம், மணி வாங்கிய செலவு, நன்கொடையாளர் பட்டியல். இவை யாவும் வேண்டியவையே. ஆயினும் ஆண்டுதோறும் டிசம்பர் மாதத்தின் மூன்றாம் வாரத்தில் கோயிலைச் சுற்றியுள்ள வீடுகளிலிருந்து எழும் எண்ணெய் மணத்துக்கு நாம் பார்த்த மலர்களில் ஒரு பக்கமும் கிடைத்ததில்லை. அந்த மணத்துக்குக் காரணமான சோமாஸ் என்னும் பலகாரத்தின் வரலாற்றை இம்மலரில் எழுதத் துணிந்தோம். ‘இதுவும் ஒரு வரலாறா?’ என்று கேட்கும் பெரியவர்கள் சற்றுப் பொறுத்துப் படிக்குமாறு வேண்டுகிறோம்.

சோமாஸ் இன்னதென்று நம்மவர்க்குச் சொல்லத் தேவையில்லை. எனினும் இம்மலர் வெளியூர்களில் வாழும் நம் பிள்ளைகள் கைக்கும், அவர்தம் பிள்ளைகள் கைக்கும் போய்ச் சேரும் என்பதால் சுருங்கச் சொல்லிவிடுகிறோம். மைதா மாவைப் பிசைந்து மெல்லிய வட்டமாகத் தேய்த்து, நடுவே தேங்காய்த் துருவல், பொரிகடலை, சீனி, ஏலக்காய், அண்டிப்பருப்பு, உலர்ந்த திராட்சை ஆகியவை கலந்த பூரணத்தை வைத்து, பாதியாக மடித்து, விளிம்பை ஒட்டி, எண்ணெயில் பொரித்தெடுப்பது சோமாஸ். பிறை நிலாப் போல இருக்கும். கடித்தால் மேல்தோடு மொறுமொறுவென்று நொறுங்க வேண்டும். உள்ளே பூரணம் உதிரியாக இருக்க வேண்டும். சோமாசி என்பாரும் உண்டு.

இப்பலகாரம் நமக்கு மட்டும் உரியதன்று. ஆந்திரத்தில் இதனைக் கஜ்ஜிக்காயலு என்பர்; கன்னடத்தில் கர்ஜிக்காயி; மராட்டியத்தில் கரஞ்சி; குஜராத்தில் கூக்ரா; வடநாட்டில் குஜியா. தீபாவளிக்கும் ஹோலிப் பண்டிகைக்கும் விநாயக சதுர்த்திக்கும் அந்தந்த நாட்டார் இதைச் செய்கின்றனர். பூரணம்தான் மாறும். வடக்கே பால்கோவா, மராட்டியத்தில் கொப்பரை, தெற்கே வரவரத் தேங்காயும் கடலையும். நம் தென்காசி வட்டாரத்திலேயே இந்து சகோதரர் வீடுகளில் தீபாவளிக்குச் செய்வதும் இதே சோமாஸ்தான். ஐப்பசியில் அவர்கள் வீட்டிலிருந்து வந்த தட்டுக்கு மார்கழியில் நம் வீட்டிலிருந்து பதில் தட்டு போகும்.

பெயரைக் கேட்டால் சமோசா நினைவுக்கு வருவது இயல்பு. மொராக்கோ நாட்டுப் பயணி இபின் பதூதா 14ஆம் நூற்றாண்டில் தில்லியில் முகமது பின் துக்ளக்கின் விருந்தில் உண்ட ‘சம்பூசக்’ என்னும் பண்டத்தைப் பற்றிக் குறித்துவைத்திருக்கிறார். கொத்திய இறைச்சியை வாதுமை, பிஸ்தா, வெங்காயம், மசாலாப் பொருள்களுடன் சமைத்து, மெல்லிய அப்பத்தில் பொதிந்து, நெய்யில் பொரித்தது அது. (இதே பதூதா பின்னர் நம் மதுரைக்கும் வந்து போனவர்.) மாவுக்குள் ஒன்றைப் பொதிந்து கொழுப்பில் பொரிப்பது என்ற அளவில் சம்பூசக்கும் சோமாசும் ஒரே இனம். ஆனால் நம் சோமாசில் இறைச்சியும் இல்லை, முட்டையும் இல்லை, வெங்காயமும் இல்லை. இந்த ‘இல்லை’களை வாசகர்கள் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்; இக்கட்டுரையின் சாரமே அதில்தான் இருக்கிறது.

கிறிஸ்தவர்கள் திருவிழாவுக்குச் செய்வதால் இது பறங்கியர் கொண்டுவந்த பண்டமாக இருக்கலாம் என்று நம்மில் படித்த சிலர் சொல்வதுண்டு. அவர்கள் காட்டும் சான்று கோவா. அங்கே கிறிஸ்து பிறப்புக்கு அண்டை வீடுகளுக்கு அனுப்பும் பலகாரத் தட்டில் ‘நெவ்ரி’ என்னும் பெயரில் நம் சோமாஸ் தவறாமல் இடம்பெறும். போர்த்துக்கல் நாட்டின் தென்பகுதியிலும் கிறிஸ்து பிறப்புக்கு ‘அசேவியா’ என்று ஒரு பலகாரம் உண்டு. வேகவைத்த கொண்டைக்கடலையையோ சர்க்கரைவள்ளிக் கிழங்கையோ சர்க்கரை சேர்த்து மசித்து, அரை நிலாவாக மடித்த மாவில் அடைத்துப் பொரிப்பார்கள். பார்த்தால் நம் சோமாசின் உடன்பிறப்புப் போலவே இருக்கும்.

ஆனால் அதே கோவாவில் இந்துக்கள் விநாயக சதுர்த்திக்கு அதே நெவ்ரியைப் படைக்கிறார்கள். போர்த்துக்கீசியர் ஆட்சி எட்டாத ஆந்திரத்திலும் வடநாட்டிலும் இது காலங்காலமாக இருக்கிறது. கோவாவில் 1560இல் நிறுவப்பட்ட விசாரணை மன்றம் 1812 வரை நீடித்தது. புதிதாக மனந்திரும்பியவர்கள் பழைய வழக்கங்களைக் கைவிடவேண்டும் என்பதில் அது கண்டிப்பாக இருந்தது; உடை, சடங்கு, பாட்டு என்று பலவற்றையும் தடுத்தது. நெவ்ரி மட்டும் இரு சமயத்தார் அடுக்களையிலும் தங்கிவிட்டது. ஆகவே பறங்கியர் இதைக் கொண்டுவந்தனர் என்பதைவிட, இங்கே இருந்ததை நம் முன்னோர் விட்டுவிடாமல் வைத்துக்கொண்டனர் என்பதே பொருந்தும் என்பது நம் கருத்து.

பறங்கியர் கொண்டுவந்தது ஒன்று சோமாசுக்குள் இருக்கத்தான் செய்கிறது. அது முந்திரி. பிரேசில் நாட்டு மரமான முந்திரியை 16ஆம் நூற்றாண்டில் இந்தியக் கரைக்குக் கொண்டுவந்தவர்கள் போர்த்துக்கீசியர். புனித சவேரியார் முத்துக்குளித்துறைக்கு வந்த 1542ஆம் ஆண்டை ஒட்டிய காலம் அது. பின்னாளில் கொல்லம் நகரம் முந்திரித் தொழிலுக்குப் பெயர் பெற்றது. 1904இல் செங்கோட்டைக் கணவாய் வழியாகக் கொல்லத்துக்கு ரயில் ஓடத் தொடங்கிய பின்னர், மலைக்கு அப்பாலுள்ள சரக்கு நம் பக்கம் வருவது எளிதாயிற்று. செங்கோட்டை 1956 நவம்பர் 1 வரை திருவிதாங்கூர் – கொச்சியின் பகுதியாகவே இருந்தது என்பதை இளையோர் அறியார். நம் வீடுகளில் முந்திரிப் பருப்பை அண்டிப்பருப்பு என்று சொல்வதும் அந்த உறவின் அடையாளமே.

தேங்காயின் கதை இன்னும் சுவையானது. நெல்லைச் சீமையின் உட்பகுதிகளில் நற்செய்தி பரவியது மதுரை மிஷன் குருக்களால். 1606இல் மதுரைக்கு வந்த தத்துவ போதகர் ராபர்ட் தெ நொபிலி, தமிழரின் உடை, குடுமி, சந்தனம், நீராடல் ஆகியவை நாட்டு வழக்கங்கள்; அவை விசுவாசத்துக்கு முரணல்ல என்று வாதாடினார். 1623இல் பாப்பரசர் 15ஆம் கிரகோரியார் அதற்கு இசைவளித்தார். ஆனால் வழக்கு அத்துடன் முடியவில்லை. 1703இல் பாப்பரசரின் தூதராகப் புதுச்சேரிக்கு வந்த டூர்னோன் ஆண்டகை, கிறிஸ்தவர்கள் விலக்கவேண்டிய வழக்கங்கள் என்று 1704இல் நீண்டதோர் ஆணை பிறப்பித்தார். அதிலே தேங்காய்க்கும் ஓர் இடம் கிடைத்தது! திருமணத்தில் தேங்காய் உடைத்துச் சகுனம் பார்ப்பது கூடாது என்று ஆணை சொன்னது. சகுனம் பார்ப்பதைத் தடுத்தது நியாயமே. ஆயினும் திருமணப் பந்தலில் சந்தேகத்துக்கு ஆளான அதே தேங்காய், துருவப்பட்டு, வறுக்கப்பட்டு, மாவுக்குள் மறைந்து, கிறிஸ்து பிறப்பு நாளில் நம் வீட்டுத் தட்டில் வந்து அமர்ந்திருப்பதை எண்ணினால் சிரிப்பு வருகிறது. அடுக்களை வரை எந்த ஆணையும் வந்ததாகத் தெரியவில்லை.

இனி மாவின் கதைக்கு வருவோம். நம் ஊர் அரிசி ஊர். தாமிரபரணியும் சிற்றாறும் பாயும் இந்தப் பகுதியில் கோதுமை விளைவதில்லை. அரிசி மாவை எவ்வளவு பிசைந்தாலும் மெல்லிய தாள் போலத் தேய்த்து மடிக்க முடியாது, மடிப்பில் விண்டுவிடும். கோதுமை மாவில் உள்ள பசைத்தன்மை அரிசி மாவில் இல்லாததே காரணம். எனவே நம் பழைய பண்டிகைப் பலகாரங்கள் அரிசியையும் பயற்றையும் நம்பியவை: அதிரசம், முந்திரிக்கொத்து, தேன்குழல், கொழுக்கட்டை. இவற்றுள் முந்திரிக்கொத்தில் முந்திரி கிடையாது என்பது வெளியூர் மருமக்கள் எல்லாரும் ஒருமுறையாவது ஏமாறும் விஷயம். வறுத்த பாசிப்பயற்று மாவைக் கருப்பட்டிப் பாகில் உருட்டி, அரிசி மாவுக் கரைசலில் தோய்த்து, மூன்று மூன்றாகக் கொத்தாகப் பொரிப்பதால் அந்தப் பெயர்.

கொழுக்கட்டையைத்தான் சோமாசின் அக்கா என்று சொல்லவேண்டும். பூரணம் இரண்டுக்கும் ஏறக்குறைய ஒன்றே. ஆரியங்காவுக் கணவாய்க்கு அப்பால் கேரளத்துச் சிரியன் கிறிஸ்தவர்கள், குருத்தோலை ஞாயிறுக்கு முந்திய சனிக்கிழமையைக் கொழுக்கட்டைச் சனி என்றே அழைத்து, வீடுதோறும் அதை அவிப்பார்கள். ஆனால் அவித்த கொழுக்கட்டை மறுநாளே புளித்துப் போகும். பொரித்த சோமாசோ பதினைந்து நாள் கெடாது. பெருவிழாவுக்கு ஒரு வாரம் முன்னதாகவே செய்து வைக்கலாம். வருவோர் போவோர்க்கெல்லாம் கொடுக்கலாம். குளிர்காலத் திருநாள்களுக்கு உலகெங்கும் பொரித்த பலகாரங்கள் ஏற்பட்டதற்கும் இதுவே ஒரு காரணம் எனலாம். தென்சீனத்துக் கான்டன் மக்கள் தங்கள் புத்தாண்டுக்கு நிலக்கடலையும் எள்ளும் சீனியும் அடைத்துப் பொரிக்கும் ‘யாவ் கோக்’ நம் சோமாசைப் போலவே விளிம்பு முறுக்கிய பிறைதான். இத்தாலியின் அப்ருசோ மலைநாட்டில் கிறிஸ்து பிறப்புக்குக் கஷ்கொட்டையும் கடலையும் அடைத்துப் பொரிப்பது ‘காஜ்ஜொனெத்தி’. தெலுங்கரின் கஜ்ஜிக்காயலுக்கும் அதற்கும் பெயரில் உறவேதும் இல்லை; ஒலி ஒத்துப்போனது வேடிக்கை.

மைதா நம் சாதாரண வீடுகளுக்குள் தாராளமாக வந்தது சுதந்திரத்துக்குப் பிந்திய கதை. 1942இல் ஜப்பானியர் பர்மாவைப் பிடித்ததும் ரங்கூன் அரிசி நின்றது. அரிசிக்கும் சீனிக்கும் பங்கீடு வந்தது. நம் பெரியவர்கள் ‘ரேஷன் காலம்’ என்று சொன்ன காலம் அது. வீட்டிலுள்ள சீனி குழந்தைகளின் காப்பிக்கே போதாதபோது பூரணத்துக்கு எங்கே போவது? கருப்பட்டிதான் கைகொடுத்தது. பிறகு 1954இல் அமெரிக்கா பொதுச் சட்டம் 480 என்னும் சட்டத்தை இயற்றியது. அந்தச் சட்டத்தின் கீழ் கப்பல் கப்பலாகக் கோதுமை இந்தியாவுக்கு வந்தது. வறட்சியான 1966இல் மட்டும் ஒரு கோடி டன்னுக்கு மேல் தானியம் இறக்குமதியாயிற்று. 1946 முதல் இந்தியாவில் பணியாற்றிய கத்தோலிக்க ரிலீஃப் சர்வீசஸ் நிறுவனத்தின் வழியாகக் கோதுமையும் பால் பவுடரும் டின் எண்ணெயும் பங்குகள்தோறும் ஏழைகளுக்கு வழங்கப்பட்டன. கோதுமை உண்ணுவதை இழிவாக நினைத்த அரிசிக்காரர்கள் அதன் சுவையை அப்போதுதான் கற்றார்கள். ரேஷன் கடையில் மைதா கிடைத்தது. டீக்கடையில் பரோட்டா வந்தது. இன்று செங்கோட்டை பார்டர் பரோட்டாவைத் தின்பதற்கென்றே மக்கள் கார் ஏறி வருகிறார்கள். அதே மைதாதான் நம் வீட்டில் சோமாசாக மடிந்தது. அதற்கு முன் ஓரிரு வசதியான வீடுகளில் ரவையை ஊறவைத்து இடித்துச் செய்த பலகாரம், இதன் பிறகே ஏழை எளியவர் வீட்டுக்கும் வந்தது.

‘குற்றாலத்தில் இத்தனை பழம் இருக்க, உள்ளே பழம் வைக்கலாகாதா?’ என்று விருந்தினர் கேட்பதுண்டு. ஐந்தருவிச் சாலையோரக் கடைகளில் சாரல் காலத்தில் மங்குஸ்தான், ரம்புட்டான், துரியன், முள்சீத்தா என்று குவிந்து கிடப்பதைப் பார்த்தவர்கள் கேட்கும் கேள்வி அது. முதலாவது, அவை பெரும்பாலும் ஆனி, ஆடி, ஆவணிச் சரக்கு, மார்கழிக்கு வாரா. இரண்டாவது, பச்சைப் பழத்தில் நீர் இருக்கிறது. சூடான எண்ணெயில் அந்த நீர் ஆவியாகி, மூடிய மாவுக்குள் வழியின்றி முட்டி, ஒட்டை உடைத்துக்கொண்டு வெளியே வரும். சோமாஸ் வெடித்தால் பூரணம் முழுவதும் எண்ணெயில் கொட்டிக் கருகும். அதன்பின் அந்தச் சட்டியில் போடும் அத்தனையும் கரி பூசிக்கொண்டுதான் வரும். வெடிக்காமல் தப்பினாலும் உள்ளிருக்கும் ஈரம் மறுநாள் மேல்தோட்டை நமுக்கச் செய்துவிடும். எனவே சோமாசுக்குள் புகும் பழம் காய்ந்த பழமாகவே இருக்கவேண்டும்: கிஸ்மிஸ், பேரீச்சை. வளைகுடா நாடுகளுக்கு நம் வட்டாரத்து ஆண்கள் வேலைக்குப் போகத் தொடங்கிய பின் பேரீச்சம்பழம் பெட்டி பெட்டியாக வந்தது. பொடியாக நறுக்கிப் பூரணத்தில் சேர்ப்பது அப்போது பரவிய வழக்கம். தேங்காயையும் வெறுஞ்சட்டியில் ஈரம் போக, நிறம் மாறாமல், உதிரியாகும் வரை வறுத்தே சேர்ப்பார்கள். பொரிகடலையைப் பொடித்துக் கலப்பதும் சுவைக்காக மட்டுமன்று. மிச்சமிருக்கும் ஈரத்தை அது உறிஞ்சிக்கொள்ளும். கருப்பட்டிக் காலத்துப் பூரணம் சீக்கிரம் கசிந்ததற்கும் காரணம் இந்த ஈரமே.

வாசனைப் பொருளில் மட்டும் குற்றாலத்துக்குத் தனிப் பெருமை உண்டு. 18ஆம் நூற்றாண்டின் இறுதியில், மலுக்குத் தீவுகளில் டச்சுக்காரர் வைத்திருந்த ஏகபோகத்தை உடைக்க எண்ணிய கிழக்கிந்தியக் கம்பெனியார், குற்றாலத்து மலையடிவாரத்தில் சாதிக்காய், கிராம்பு, இலவங்கப்பட்டைத் தோட்டங்களை ஏற்படுத்தினர். கம்பெனி எதிர்பார்த்த கொள்ளை லாபம் வரவில்லை. மரங்கள் மட்டும் நின்றன. குற்றாலத்துச் சாதிக்காயைச் சிட்டிகையளவு உரசிப் பூரணத்தில் போடுவதும், மடித்த சோமாசின் வாயில் ஒற்றைக் கிராம்பைக் குத்தி வைப்பதும் சில வீட்டுப் பக்குவம். கிராம்பு அழகுக்கு மட்டுமன்று. ஒட்டு விடாமல் ஆணி போலப் பிடித்துக்கொள்ளும்.

பக்குவத்தைச் சொல்லத் தொடங்கினோம், முடித்துவிடுகிறோம். ஒரு கிலோ மைதாவுக்குச் சிட்டிகை உப்பும், நூறு கிராம் அளவுக்கு நன்றாகக் காய்ச்சிய நெய்யோ எண்ணெயோ சேர்த்து, விரல் நுனியால் பிசறவேண்டும். பிடித்தால் பிடியாக நின்று, விட்டால் உதிரும் பதம். கொழுப்பு மாவுத் துகளைச் சுற்றிக்கொள்வதால் மாவு ரப்பர் போல இழுபடாது. மொறுமொறுப்பு இங்கேதான் பிறக்கிறது. பிறகு தண்ணீர் தெளித்துப் பூரி மாவைவிடக் கெட்டியாகப் பிசைந்து, ஈரத் துணி மூடி ஒரு மணி நேரம் வைக்க வேண்டும். தேய்த்த வட்டம் கீழேயுள்ள பலகையின் நிறம் தெரியும் அளவுக்கு மெல்லிதாக வேண்டும். பூரணம் ஒரு பெரிய கரண்டிக்கு மேல் கூடாது, பேராசைப்பட்டால் வெடிக்கும். விளிம்பில் பால் தொட்டு ஒட்டி, சோமாஸ் கரண்டியின் பல் சக்கரத்தை ஓட்டினால் வேலை சுளுவு. கை தேர்ந்த ஆச்சிகளுக்குக் கரண்டி வேண்டாம். பெருவிரலாலும் சுட்டுவிரலாலும் விளிம்பைக் கயிறு திரிப்பதுபோல் மடித்து மடித்துக் கொண்டுபோவார்கள். எந்த ஆச்சி மடித்தது என்று மடிப்பைப் பார்த்தே சொல்லிவிடலாம். எண்ணெய் புகையக் கூடாது. நிதானச் சூட்டில் இருபுறமும் திருப்பி, சலசலப்பு அடங்கியதும் எடுக்க வேண்டும். அவசரப்பட்டுத் தீயைக் கூட்டினால் வெளியே சிவந்து உள்ளே வேகாமல், ஆறியதும் துவண்டுவிடும். நன்றாக ஆறிய பிறகே தகர டின்னில் அடுக்கவேண்டும்.

இவ்வளவும் ஒருவர் செய்யும் வேலையன்று. ஒருவர் தேய்க்க, ஒருவர் பூரணம் வைக்க, ஒருவர் மடிக்க, ஒருவர் அடுப்படியில் நிற்க வேண்டும். தேய்த்த வட்டம் காய்ந்துவிட்டால் ஒட்டாது. ஆகவே கை நிற்கக் கூடாது. நான்கு வீட்டுப் பெண்கள் ஒரு வீட்டில் கூடி, இன்று உங்கள் வீட்டுக்கு, நாளை எங்கள் வீட்டுக்கு என்று முறை வைத்துச் செய்தார்கள். ‘ஏ மைனி, எண்ணெய் காஞ்சாச்சா? இங்கே ஐம்பது மடிச்சு வச்சாச்சு’ என்ற குரல் இரவு பத்து மணிக்கும் கேட்கும். வெளியே குடிலுக்கு வைக்கோல் தேடும் பையன்கள், ஒலிபெருக்கியில் பாட்டு, அருவிக்குப் போகும் ஐயப்ப பக்தர்களின் சரண கோஷம். அடுத்துச் சித்திர சபைத் திருவாதிரைக்கு ஊர் ஆயத்தமாகும். எல்லாம் ஒரே மார்கழிக் குளிரில் நடக்கும்.

பொரித்தவர்கள் அதை உடனே தின்றுவிட முடியாது என்பதையும் சொல்லவேண்டும். 1917ஆம் ஆண்டின் திருச்சபைச் சட்டப்படி கிறிஸ்து பிறப்பின் முந்திய நாள் ஒருசந்தியும் சுத்தபோசனமும் அனுசரிக்கும் நாள். 1966இல் பாப்பரசர் 6ஆம் சின்னப்பர் நோன்பு முறைகளைத் திருத்தியமைத்த பிறகே அந்தக் கடமை நீங்கியது. அதுவரை நாள் முழுதும் அடுப்படியில் நின்ற தாய்மார்கள் ஒருவேளைச் சோற்றோடு, எதிரே மலைபோல் குவிந்த பலகாரத்தைப் பார்த்துக்கொண்டு, நடுச்சாமப் பூசைக்குப் போனார்கள். உப்பும் இனிப்பும் சரிபார்க்க விதிவிலக்குப் பெற்றவர்கள் சிறுபிள்ளைகள் மட்டுமே. பிள்ளைகள் அந்தக் கடமையை மிகவும் உற்சாகமாகவே நிறைவேற்றினர்.

இப்போது முன்சொன்ன ‘இல்லை’களுக்கு வருகிறோம். பக்கத்து வீட்டுக்குக் கொடுக்க வேண்டுமானால் பக்கத்து வீட்டார் வாங்கவேண்டும். நெல்லைச் சீமையில் யார் கையால் யார் உண்பது என்பது எவ்வளவு பெரிய கேள்வியாக இருந்தது என்று நாம் விளக்க வேண்டியதில்லை. சோறும் குழம்பும் கடக்க முடியாத வாசற்படிகள் பல இருந்தன. சைவ வீட்டுக்கு இறைச்சி பட்ட பாத்திரம் போகாது. கேக்கில் முட்டை, அதுவும் ஆகாது. எண்ணெயில் பொரித்த, முட்டையும் வெங்காயமும் இல்லாத சோமாஸ் அந்த வாசற்படிகளில் பலவற்றை மெல்லத் தாண்டியது. தீபாவளிக்குத் தங்கள் வீட்டில் செய்யும் அதே பண்டம் என்பதால், வாங்கும் கைக்குக் கூச்சமும் குறைந்தது. ரம்சானுக்கு நமக்குத் தட்டு அனுப்பிய முஸ்லிம் சகோதரர்களுக்கும் அதில் ஆட்சேபம் எழவில்லை. நம் முன்னோர் அதிரசத்தையோ கேக்கையோ விட்டுச் சோமாசைப் பெருவிழாப் பலகாரமாகப் பிடித்துக்கொண்டதற்கு, அதன் சுவையைவிட இதுவே பெரிய காரணம் என்று நாம் கருதுகிறோம்.

எல்லா வாசலும் திறந்தன என்று எழுதி நம்மை நாமே ஏமாற்றிக்கொள்ள விரும்பவில்லை. நம் நெல்லைச் சீமையைச் சேர்ந்த வடக்கன்குளத்தில் ஆலயத்துக்குள்ளேயே சாதிக்கொரு பக்கமாகச் சுவர் நின்றது. 1910இல் அதை அகற்றியவர் கௌசானல் சாமியார். அதன் தொடர்பான வழக்கு சென்னை உயர் நீதிமன்றம் வரை போயிற்று. கோயிலுக்குள்ளே சுவர் நின்ற காலத்தில், பலகாரத் தட்டு எல்லாத் தெருவுக்கும் போயிருக்கும் என்று நம்புவது கடினம். இந்து அண்டை வீட்டுக்குத் தயங்காமல் போன தட்டு, ஒரே நன்மை வாங்கும் கிறிஸ்தவரின் தெரு முனையில் நின்று திரும்பிய ஊர்கள் உண்டு. அந்தத் தட்டு எங்கே போயிற்று, எங்கே போகவில்லை என்பதையும் சேர்த்துத்தான் சோமாசின் வரலாற்றை எழுத வேண்டியிருக்கிறது. நீதிமன்ற ஆவணத்தில் சுவரின் கதை இருக்கிறது. தட்டின் கதையை முதியவர்கள்தான் சொல்லவேண்டும். சொல்ல வல்லவர்கள் ஆண்டுக்கு ஆண்டு குறைந்து வருகிறார்கள். ஞானஸ்நானப் பதிவேட்டிலும் கல்யாணப் பதிவேட்டிலும் தவிர வேறெங்கும் பெயர் ஏறாத பெண்கள் அவர்கள். அவர்களில் யாரேனும் இன்று உங்கள் வீட்டில் இருந்தால், அவர் சொல்வதைப் பேரப்பிள்ளைகள் ஒரு நோட்டில் எழுதிவைக்கும்படி கேட்டுக்கொள்கிறோம்.

இப்போது பலகாரம் கடையில் வாங்கும் காலம். 1883இல் தலச்சேரியில் மாம்பள்ளி பாப்பு செய்ததே இந்தியாவின் முதல் கிறிஸ்து பிறப்புக் கேக் என்பார்கள். அந்தக் கேக் இன்று ஒவ்வொரு பேக்கரியிலும் அடுக்கிக் கிடக்கிறது. சோமாசும் அட்டைப் பெட்டியில் கிடைக்கிறது. அதைக் குறை சொல்ல மாட்டோம். சென்னையிலும் திருப்பூரிலும் வேலை பார்க்கும் மருமக்கள் 24ஆம் தேதி காலை ஊரில் வந்து இறங்கி, அன்றைக்கே தேய்த்துப் பொரிக்க வேண்டும் என்று எதிர்பார்ப்பது நியாயமாகாது. பலகாரம் செய்வதற்கே ஆள் வைத்துத் தொழிலாக்கிய பெண்களுக்கும் அதனால் நாலு காசு வருகிறது. ஆனால் பெட்டிப் பலகாரத்தை அண்டை வீட்டுக்குக் கொடுத்தால் பெட்டி திரும்பி வருவதில்லை. தட்டு திரும்பி வரும். நம் வழக்கப்படி வெறுந்தட்டாக வராது; ஒரு கை சீனியோ, நாலு வாழைப்பழமோ, மறு பண்டிகையின் பலகாரமோ அதில் இருக்கும். அந்தத் தட்டைத் திருப்பித் தரும் சாக்கில் வாசலில் நின்று பேசும் பேச்சும் இருக்கும்.

பூசை முடிந்து வந்ததும் முதல் தட்டு உபதேசியார் வீட்டுக்கு. அடுத்தது அவ்வாண்டு இறப்பு நேர்ந்து, சட்டி வைக்காத துக்க வீட்டுக்கு. துக்க வீட்டார் அந்த ஆண்டு பலகாரம் செய்ய மாட்டார்கள். எனவே சுற்றியுள்ள வீடுகள் எல்லாம் கொண்டுபோய்க் கொடுத்து, செய்த வீட்டைவிட அவர்கள் வீட்டில்தான் அதிகமாகச் சேரும். பிறகு அண்டை அயல், பிறகு பஜனை பாடி வரும் பிள்ளைகள். மிஞ்சியது டின்னுக்குள் மூன்று இராசாக்கள் திருநாள் வரை கிடக்கும். அப்போது முழுச் சோமாஸ் ஒன்றும் இராது. உடைந்த விளிம்புகளும் டின்னின் அடியில் உதிர்ந்த தேங்காய்ப் பூரணமும் இருக்கும். அதைக் கரண்டியால் வழித்துச் சாயங்காலக் காப்பியோடு வீட்டுப் பெண்கள் உட்கார்ந்து தின்பார்கள்.